அப்பாவின் விரல் பதிந்த கல்

கல்லறைத் திருநாள் அன்று எங்கள் தங்கச் சுரங்க ஊரான ஊரிகத்தில் கிறிஸ்தவர்கள் எல்லாரும் மெழுகுவத்தியும் சாமந்திப் பூவுமாகக் கல்லறைத் தோட்டத்துக்குக் கிளம்புவார்கள். நாங்கள் போக மாட்டோம். அம்மா எங்கள் சுரங்கத் தொழிலாளர் லைன் வீட்டிலேயே, மாதா படத்துக்குக் கீழே இருந்த கறுப்புக் கல்லுக்கு முன்னால் மெழுகுவத்தி ஏற்றுவாள். மாலையையும் அதற்கே போடுவாள். பக்கத்து வீட்டு சரோஜம்மா வாசலில் நின்று, "இன்னா பியாட்ரிஸு, நீயும் எங்கள மாதிரி கல்லைக் கும்புட ஆரம்பிச்சிட்டியா" என்று கேலி செய்வாள். அம்மா சிரிக்காமல் பதில் சொல்வாள்: "அது கல்லு இல்ல சரோஜா. எங்க வீட்டுக்காரரு."

என் அப்பா பெயர் லாய்ட். தங்கச் சுரங்கத்தில் டிம்பர்மேன். தோண்டிய இடத்தில் கூரை இடிந்து விழாமல் மரங்களை முட்டுக் கொடுத்து நிறுத்துகிற வேலை. எனக்குப் பத்து வயதிருக்கும்போது ஒரு ஏர்பிளாஸ்ட் வந்தது. அழுத்தம் தாங்காமல் அடியில் பாறை வெடிப்பதை நாங்கள் அப்படித்தான் சொல்வோம். மேலே எங்கள் வீட்டு அலமாரியில் இருந்த தட்டுகள் விழுந்து உருண்டன. கீழே அப்பா இருந்த இடம் முழுக்க மூடிக்கொண்டது. உடம்பு கிடைக்கவில்லை.

காலிச் சவப்பெட்டியை வைத்துப் பூசை செய்து அடக்கம் பண்ணிவிடலாம் என்றார்கள். அம்மா ஒத்துக்கொள்ளவில்லை. "காத்தைப் பொதைக்கச் சொல்றீங்களா ஃபாதர்" என்று கேட்டாளாம். மீட்புக் குழுவில் அப்பாவின் சிநேகிதர் கோவிந்தன் மாமா இருந்தார். அம்மா அவர் கையைப் பிடித்துக்கொண்டு, "லைட்டோ பூட்ஸோ எதுனா எடுத்தாங்கண்ணா. ஒண்ணும் இல்லைன்னா அவர் நின்ன எடத்துல இருந்து ஒரு கல்லாவது எடுத்தாங்க" என்று அழுதாள். சில நாள் கழித்து மாமா ஒரு சாக்குத் துணியில் சுற்றி அந்தக் கல்லைக் கொண்டுவந்து கொடுத்தார். தேங்காய் அளவுதான். ஆனால் அம்மா இரண்டு கையாலும் ஏந்த வேண்டியிருந்தது.

அதன் மேல் ஐந்தாறு குழிகள் இருந்தன, பிசைந்த மாவில் விரலை அழுத்தியது போல. அப்பா கடைசி நேரத்தில் பிடித்த பிடி என்று அம்மா சொன்னாள். பாறையில் விரல் பதியுமா என்று நான் கேட்கவில்லை. பத்து வயதில் எதையும் நம்பலாம்; அதற்குப் பிறகு பழகிவிடும். அம்மா ஞாயிறு தவறாமல் கோவிலிலிருந்து வந்ததும் அதைத் தேங்காயெண்ணெய் போட்டுத் துடைப்பாள். நான் அந்தக் குழிகளில் என் விரல்களை வைத்துக்கொண்டு எல்லாவற்றையும் சொல்வேன். பரீட்சையில் கணக்கில் போனது, பெங்களூரில் வேலை கிடைத்தது, எட்மண்ட் என்னை வேண்டாம் என்றது. அம்மாவிடம் சொல்லாததைக்கூட அதனிடம் சொல்லியிருக்கிறேன்.

அம்மாவுக்கு ஒரே ஒரு ஆசைதான் மிச்சமிருந்தது. அவள் இறந்தால் பெட்டியில் அந்தக் கல்லை வைக்க வேண்டும். சிலுவையில் இரண்டு பேர் பெயரும் இருக்க வேண்டும். "அப்பதான் அவருக்கும் ஒரு குழி கெடைக்கும்" என்பாள்.

இந்தக் கதையில் மமதாவை நுழைத்தது நான்தான். தினமும் காலையில் மாரிகுப்பம் ரயிலில் என்னோடு பெங்களூருக்கு வருகிறவள். ஒரு கல்லூரியில் நிலவியல் பாடம் எடுக்கிறாள். போன கிறிஸ்துமஸுக்கு கேக் சாப்பிட வந்தவள், வந்த வேலையைப் பார்க்காமல் கல்லைத் தூக்கிப் பார்த்தாள். அம்மா சமையலறையில் இருந்தாள்.

"டீனா, இது எந்த லெவல்ல இருந்து வந்துது?"

"அப்பா இருந்த லெவல்."

அவள் எங்கள் ஃபிரிட்ஜிலிருந்து வேளாங்கண்ணி மாதா காந்தத்தை எடுத்து அதன் பக்கத்தில் கொண்டுபோனாள். மாதா டக்கென்று ஒட்டிக்கொண்டாள். மமதாவின் முகம் மாறியது. "நம்ம சுரங்கத்துக் கல்லு இப்படி இருக்காதுப்பா. ஓரத்துல கொஞ்சூண்டு அறுத்துப் பாக்கட்டுமா?"

"அது எங்கப்பாடி. எங்கப்பாவ அறுப்பியா நீ?" என்று கத்திவிட்டேன். அவள் கேக்கை அப்படியே வைத்துவிட்டுப் போனாள்.

ஆனால் ஒரு சந்தேகம் காதில் விழுந்துவிட்டால் அப்புறம் தூக்கம் வராத ஜென்மம் நான். பிப்ரவரியில் மூச்சுத் திணறல் வந்து அம்மாவை ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். அந்த வாரம் நானே கல்லைத் துண்டில் சுற்றி ரயிலில் மமதாவிடம் கொடுத்தேன்.

அவள் திருப்பிக் கொண்டுவந்தபோது ஒரு மூலையில் கட்டைவிரல் நகம் அளவுக்கு வெட்டித் தேய்த்து அமிலம் தடவியிருந்தாள். உள்ளே வெள்ளி போல மின்னியது. அதில் குறுக்கும் நெடுக்குமாகப் பட்டை பட்டையாகக் கோடுகள்.

"இது பாறையே இல்ல டீனா. இரும்பும் நிக்கலும். இந்தப் பட்டை இருக்குதே, இதுக்குப் பேரு காமசைட். கிரேக்கத்துல கழின்னு அர்த்தம், திராட்சைக் கொடி சாயாம இருக்க முட்டு குடுப்பாங்களே, அந்தக் கழி. கழி அடுக்கின மாதிரி இருக்குன்னு அந்தப் பேரு. லட்சக்கணக்கான வருஷம் கொஞ்சம் கொஞ்சமா ஆறினாதான் இப்படிப் பட்டை விழும். பூமிக்குள்ள எங்கயும் இப்படி விழாது." கல்லை என் மடியில் வைத்தாள். "இது மேல இருந்து விழுந்தது. விண்கல்லு."

"அந்தக் குழியெல்லாம்?"

"விழும்போது காத்துல உருகினது."

வீடு திரும்பும் ரயிலில் என்னைச் சுற்றி ஜனம் வேர்க்கடலை தின்றுகொண்டிருந்தது. கிணறு வெட்டப் பூதம் புறப்பட்ட கதைதான். யாராவது கேட்டால் பெருமையாகச் சொல்லிக்கொள்ள வேண்டிய விஷயம். எங்கள் வீட்டில் வானத்திலிருந்து விழுந்த பொருள் இருக்கிறது. எனக்கோ என் அப்பாவை இரண்டாவது முறையாகக் காணவில்லை என்றுதான் இருந்தது.

அந்த ஞாயிறு கோவிந்தன் மாமாவைப் பார்க்க எங்கள் ஊருக்குப் பக்கத்திலிருக்கும் மைசூர் மைன்ஸுக்குப் போனேன். சுரங்கத் தூசி நுரையீரலில் படிந்துபோன மனிதர்; நான்கு வார்த்தைக்கு ஒரு முறை நிறுத்தி மூச்சு வாங்குவார். சண்டை போடத்தான் போனேன். கல்லைப் பையிலிருந்து எடுத்து அவர் கட்டிலில் வைத்தேன். வெட்டிய மூலையைப் பார்த்ததும் அவருக்குப் புரிந்துவிட்டது.

"எங்க எடுத்தீங்க மாமா?"

"சயனைட் மேட்டுக்குப் பின்னால. ஓடையில." தங்கம் பிரித்த பிறகு மிஞ்சிய மண்ணை மலையாகக் கொட்டிய இடம் அது.

"அப்பா இருந்த எடத்துல இல்ல."

"அந்த லெவலுக்கு எங்கள உடவே இல்ல பாப்பா. இன்னொரு ஏர்பிளாஸ்ட் வரும்னு சொல்லி மூடிட்டாங்க. ஒங்கம்மா தெனமும் மைன்ஸ்ல எறங்குற ஷாஃப்ட் வாசல்ல வந்து ஒக்காந்துகினு இருந்துச்சு. ஒன்ன பக்கத்துல வெச்சிகினு. சோறு தண்ணி கெடையாது. நான் இன்னா பண்ணுவேன்?" இருமி முடிக்கும் வரை காத்திருந்தேன். "தூக்கிப் பாத்தேன், அவ்ளோ கனம். இவ்ளோ கனமா இருந்தா அது கீழ இருந்துதான் வந்திருக்கும்னு நெனைச்சேன். எப்பவோ யாரோ நம்மாளுங்க மேல கொண்டாந்து போட்டது. லாய்ட்டு எடத்துல இல்லாட்டியும் நம்ம மைன்ஸ்து தானேன்னு மனசைத் தேத்திக்கினேன்."

அவர் மேல் கோபப்பட என்னால் முடியவில்லை. எங்கள் ஊரில் யாராக இருந்தாலும் அப்படித்தான் நினைத்திருப்பார்கள். சோறு கீழேயிருந்து வந்தது, சாவும் கீழேயிருந்தே வந்தது. மேலேயிருந்து மழைகூட ஒழுங்காக வந்ததில்லை. அண்ணாந்து பார்க்கிற பழக்கம் எங்களுக்கு ஏது?

"மேல இருந்து விழுந்ததாம் மாமா. வானத்துல இருந்து."

அவர் வெட்டிய மூலையைத் தொட்டுப் பார்த்தார். "அப்போ அது நம்ம மைன்ஸ்தும் இல்லியா" என்றார். அந்தப் பொய்யில் மிச்சமிருந்த கொஞ்சம் நிஜத்தையும் நான் பிடுங்கிக்கொண்டேன் என்று அப்போதுதான் தெரிந்தது.

கிளம்பும்போது கையைப் பிடித்தார். "அந்த ஷாஃப்டுக்கு வருசா வருசம் நான் போறேன். அவன் போன அன்னிக்கு. வேலிகிட்ட கற்பூரம் ஏத்திட்டு வருவேன். ஒங்கம்மாவ இந்தக் கல்லக் கும்புட வெச்சிட்டேன். அவன் அங்க கெடக்கறான்னு யாருக்காவது தெரிஞ்சிருக்கணும் இல்ல? ஒங்கம்மாகிட்ட சொல்லணும்னா சொல்லு பாப்பா. நான் வந்து கால்ல உழறேன்."

சொல்லிவிடுவது என்றுதான் வீட்டுக்கு வந்தேன். நடுவில் ஒரு பொய் உட்கார்ந்திருக்கும் வீட்டில் எனக்கு மூச்சு முட்டும். அம்மாவை ஆஸ்பத்திரியிலிருந்து கூட்டிவந்து கட்டிலில் படுக்க வைத்தேன். படுத்ததும் அவள் சொன்ன முதல் வார்த்தை, "எண்ணெ எடுத்தாடி, ரெண்டு வாரமா தொடைக்கல."

துணியை மடியில் விரித்துக் கல்லை வைத்தேன். அவள் விரல் நேராக அந்த வெட்டிய மூலைக்குத்தான் போனது. எத்தனை வருஷம் தடவிய கல்; கண் மூடியிருந்தாலும் தெரியும்.

"இது இன்னாடி?"

"மமதா பாத்தா மம்மி. உள்ள இன்னா கீதுன்னு."

வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தாள். அடுத்த வாக்கியத்தைச் சொல்ல வாயைத் திறந்தேன். அதற்குள் அம்மாவின் முகம் விரிந்துவிட்டது.

"டிம்பரு" என்றாள். "பாருடி, குறுக்கும் நெடுக்குமா. டிம்பர் அடிச்சி வெச்சிகீறாரு ஒங்க டாடி." பட்டைகளை ஒவ்வொன்றாகத் தொட்டாள். "இதுக்கு இன்னா பேராம்?"

"காமசைட்."

"அப்டின்னா?"

பொய் சொல்ல வேண்டிய அவசியம்கூட எனக்கு வரவில்லை. "முட்டுக் கழின்னு அர்த்தமாம் மம்மி."

அம்மா அழுதாள். அப்பா போன பிறகு அவள் அப்படிச் சந்தோஷமாக அழுது நான் பார்த்ததில்லை. "நல்லா இருந்திருக்காரு. கடைசி வரைக்கும் வேலைய உடல" என்றாள். நான் வாயை மூடிக்கொண்டேன். அதற்குப் பிறகு திறக்கவும் இல்லை.

ஈஸ்டர் முடிந்து சில நாளில் அம்மா போய்விட்டாள். பெட்டியில் அவள் கைகளுக்குக் கீழே நானே கல்லை வைத்தேன். ஜெபமாலையை அதைச் சுற்றிக் கட்டினேன். பெட்டியைத் தூக்கியவர்கள் கனத்தைப் பார்த்துத் திகைத்தார்கள். அம்மா எலும்பும் தோலுமாகத்தான் இருந்தாள். கோவிந்தன் மாமா ஆட்டோவில் வந்திருந்தார். இறங்கி நிற்க முடியவில்லை. ஆட்டோவுக்குள்ளேயே கையெடுத்துக் கும்பிட்டார். நான் பக்கத்தில் போனதும், "இனிமே என்னால ஏற முடியாது, நீ போயிட்டு வா பாப்பா" என்றார். எங்கே என்று இருவரும் சொல்லிக்கொள்ளவில்லை.

இந்த வருஷம் கல்லறைத் திருநாளுக்கு நானும் ஊரோடு சேர்ந்து கல்லறைத் தோட்டத்துக்குப் போனேன். சிலுவையில் லாய்ட், பியாட்ரிஸ் என்று இரண்டு பெயர். அம்மா கேட்டபடிதான். சரோஜம்மா மாலை வாங்கித் தந்தாள். "இப்பதான் ரெண்டு பேரும் ஒண்ணா கீறாங்க" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டாள். ஆமாம் என்றேன். ஒரு மெழுகுவத்தியை ஏற்றினேன். இன்னொன்றைப் பையிலேயே வைத்துக்கொண்டு, வெயில் ஏறுவதற்குள் அப்பா கடைசியாக இறங்கிய ஷாஃப்டுக்கு நடந்தேன்.

வாசலை சிமென்ட் போட்டு அடைத்திருக்கிறார்கள். சுற்றிலும் முள்வேலி, சீமைக் கருவேலம். வேலிக்கு வெளியே ஒரு கல் பலகையில் கற்பூரம் எரிந்த கரி, வருஷக்கணக்காக ஒன்றின்மேல் ஒன்றாகப் படிந்து கிடந்தது. அதன் மேல் மெழுகுவத்தியை நட்டேன். கீழே எவ்வளவு ஆழம் என்று அப்பா உயிரோடு இருந்தபோது சொல்லியிருக்கிறார். ஆட்களை இறக்கும் கூண்டான கேஜில் இறங்கினால் காது அடைத்துக்கொள்ளும் என்பார்.

கைகளை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. பழக்கத்தில் விரல்கள் குழியைத் தேடின. தரையில் மண்தான் இருந்தது. அத்தனை வருஷமும் அந்தக் கல்லிடம் சொன்னதில் ஒரு வார்த்தைகூட அவருக்குப் போய்ச் சேரவில்லை. பத்து வயதுப் பெண்ணைத்தான் அவருக்குத் தெரியும்.

"டாடி, நான் டீனா" என்றேன். பிறகு கணக்குப் பரீட்சையிலிருந்து ஆரம்பித்தேன்.