குனிந்ததைத் திரும்பக் கேட்டவள்

"உம்முடைய விருப்பத்திற்கு மாறாக எதையும் பேச வேண்டிய கட்டாயம் உமக்கு இல்லை."

காலைதோறும் இந்த வாசகத்தை உதவி ஆய்வாளர் நுமாத்தா ஒரே மூச்சில் ஒப்பிப்பார், அடுத்து வரும் நிலையத்தின் பெயரை ரயிலில் அறிவிப்பவரைப் போல. ஒப்பித்ததும் தேநீர்க் குவளையை ஓரமாக நகர்த்தி வைப்பார்.

"சரி, சட்டம் அது வேலையப் பாத்துடுச்சு. இனி நம்ம வேலை. பேசு, குவபாரா."

எத்தகைய உரிமை இது! வாயை மூடிக்கொள்ளலாம், நாற்காலியை விட்டு எழக் கூடாது. பதில் சொல்லாதிருக்கலாம், காலை முதல் மாலை வரை கேள்வியைக் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும். நாவுக்குக் காவல் தந்த சட்டம் காதுக்கு ஒரு கதவு தரவில்லை.

குவபாரா கென்சாகு எங்கள் மினாசாகித் துறைமுகத்தில் முதியோர் பகல் இல்லத்தின் வண்டியை ஓட்டுகிறவன். ஐம்பதை நெருங்கியவன். இலையுதிர்கால மாலை ஒன்றில், எங்கள் தெருச் சங்கத்தின் தலைவர் இகராஷியின் கொட்டகை எரிந்தது. யாருக்கும் காயமில்லை. பழைய மீன்வலை, மீன் வைக்கும் உறைபெட்டி, அட்டைப்பெட்டிகள் எல்லாம் சாம்பலாயின. அதற்குச் சற்று முன்னால் கென்சாகு தன் நாய் குரோவுடன் அங்கே நின்றதை ஒருத்தி பார்த்திருந்தாள். நாய் வேலியை மோப்பம் பிடித்தது. முடித்ததும் இருவரும் நடந்தார்கள். அவன் செய்தது அவ்வளவே.

ஆனால் அதற்கு முந்தைய வாரம் குப்பையால் ஒரு சண்டை மூண்டிருந்தது. தவறான கிழமையில் வைக்கப்பட்ட குப்பைப் பையை இகராஷி சிவப்பு மையில் எழுதிய தாளோடு கென்சாகுவின் வாசலுக்கே திருப்பி அனுப்பினார். "ஒரு நாளைக்கு நீ பாரு!" என்று கென்சாகு தெருவே கேட்கக் கத்தினான். கத்தியவனே கொளுத்தியவன் என்று காவல் நிலையம் தீர்மானித்தது. தீப்பெட்டி இல்லை, ரேகை இல்லை, கொளுத்தியதைக் கண்ட கண்ணும் இல்லை. இல்லாதவை அனைத்தையும் இட்டு நிரப்ப ஒன்று போதும்: அவனுடைய வாக்குமூலம்.

நிலையத்தின் சந்திப்பறையில், துளையிட்ட கண்ணாடித் தட்டுக்கு அப்பால் வழக்கறிஞர் தொகுரா அமர்ந்திருந்தாள். முப்பதைத் தாண்டாத பெண். மனைவிக்கும் அனுமதியில்லாத அந்த அறையில் அவன் காணக் கிடைத்த ஒரே வெளிமுகம் அவளுடையது.

"குவபாரா சார், நல்லாக் கேட்டுக்கங்க. இருபத்து மூணு நாளைக்கு மேல உங்கள இப்படி வச்சிருக்க முடியாது. அதுக்குள்ள நீங்க ஒத்துக்கலன்னா அரசுத் தரப்புக்கு வழக்கே இல்ல. வீட்டுக்குப் போயிடலாம்."

"பேசாம இருந்தாப் போதுமாம்மா?"

"பேசாம இருங்க. அதவிட முக்கியம், கையெழுத்துப் போடாதீங்க, விரல் வைக்காதீங்க. எழுதுறது அவங்க. ஆனா 'நான் போனேன், நான் செஞ்சேன்'னு உங்க குரல்லயே எழுதுவாங்க. படிச்சுக் காட்டுனா நமக்கே நாமதான் சொன்னோமோன்னு தோணும்."

"விசாரிக்கும்போது நீங்க பக்கத்துல உக்காரக் கூடாதா?"

"கேட்டேன். 'ரூம்ல நாற்காலி பத்தாதும்மா'ன்னு சிரிக்கிறாங்க."

கென்சாகுவும் சிரிக்க முயன்றான். "என் வீட்டுக்காரி என்ன சொல்றா?"

"உங்கள முழுசா நம்புறாங்க. நாயக் கூட்டிக்கிட்டுப் போறாங்களாம். ஆனா வேற தெரு வழியா."

கடைசிச் சொற்களைக் கேட்டு அவன் தலை தாழ்ந்தது.

மனைவி மிசாவோ நம்பினாள் என்பது உண்மை. கணவன் தீ வைக்கவில்லை என்பதில் அவளுக்கு ஓர் அணுவும் ஐயமில்லை. ஆனால் எங்கள் தெருவில் நம்பிக்கைக்கு வேலையில்லை, நடத்தைக்குத்தான் வேலை. காவல் வண்டி வந்து நின்ற வீடு, குற்றம் எவருடையதாயினும், தெருவின் அமைதியைக் குலைத்த வீடு. குலைத்தவர் போய்க் குனிய வேண்டும். எவரும் அதை அவளிடம் சொல்லவில்லை. வீடு வீடாகக் கைமாறும் சங்கத்தின் அறிவிப்புப் பலகை மட்டும் அவள் வாசலைத் தாண்டிப் போயிற்று. குப்பை வைக்கும் மூலையில் பேச்சு அவளைக் கண்டதும் நின்றது. எதிர்வீட்டு ஹோசோயா அம்மாள்தான் இறுதியில் வாய் திறந்தாள்.

"இன்னுமா இகராஷி வீட்டுக்குப் போகல நீ?"

"எதுக்கு அக்கா? அவரு எதுவும் பண்ணலையே."

"பண்ணாரா பண்ணலையாங்கிறத போலீஸ்காரங்க பாத்துக்குவாங்க. தெருவே தூங்காமக் கெடந்துச்சே, அதுக்கு? ஒரு இனிப்புப் பெட்டிய வாங்கிட்டுப் போய் தலையக் குனிஞ்சுட்டு வா. குனிஞ்சா முதுகு ஒடிஞ்சா போயிடும்?"

முதுகு ஒடியாது. எங்கள் முதுகுகள் ஒடிவதே இல்லை. வளைந்து வளைந்து பழகிவிட்டவை. பள்ளியில் வளைத்தார்கள், ஆலையில் வளைத்தார்கள், கடை வாசலில் வளைத்தார்கள். நிமிர்ந்து நிற்க எவரும் கற்றுத்தரவில்லை.

மிசாவோ ரயில் நிலையத்தை ஒட்டிய பழைய கடைக்குச் சென்றாள். யோகான் என்னும் செம்பயற்றினிப்பில் ஒரு பெட்டி வாங்கி, அக்கடைக்கே உரிய அலைக்கோட்டுத் தாளில் சுற்றச் சொன்னாள். இகராஷியின் வாசலில் மண்டியிட்டு, நெற்றி தரையில் படும்படி குனிந்தாள்.

"எங்களால உங்களுக்கு ரொம்பத் தொந்தரவு. மன்னிச்சுக்கணும்."

"நீ என்னம்மா பண்ணுவ, பாவம்! எழுந்திரு, எழுந்திரு" என்றார் இகராஷி. பெட்டியை இரு கைகளாலும் வாங்கிக்கொண்டார். அவள் தெருமுனை திரும்பும் முன்னரே காவல் நிலையத்திற்குத் தொலைபேசினார்.

மறுநாள் காலை நுமாத்தா தம் வாசகத்தை வழக்கம்போல் ஒப்பித்தார். தேநீரை உறிஞ்சியபடி அமர்ந்திருந்துவிட்டு, மடித்த தாளொன்றை எடுத்து மேசைமேல் விரித்தார். வெள்ளையில் நீல அலைக்கோடுகள்.

"இது எந்தக் கடை, தெரியுதா?"

கென்சாகு பேசவில்லை. ஆனால் தெரிந்திருந்தது. இறந்தவர் வீட்டுக்கும் மணமக்கள் வீட்டுக்கும் மட்டுமே மிசாவோ அந்தக் கடையில் வாங்குவாள்.

"உன் பொண்டாட்டி நேத்து இகராஷி வீட்டு வாசல்ல நெத்தி தரையில பட விழுந்திருக்கா. மன்னிப்புக் கேட்டிருக்கா. எதுக்கு?"

"பொய்." முதல் நாளுக்குப் பிறகு அந்த அறையில் அவன் உதிர்த்த முதற்சொல் அது.

"பொய்யா? அப்போ இந்தத் தாளு என்ன, நாங்களே செஞ்சதா?" நுமாத்தா குரலைத் தாழ்த்தினார். "இங்க பாருப்பா. அந்த வக்கீல் பொண்ணு உன்ன வச்சு வக்கீல் வேலை கத்துக்குது. உன் வீட்டுக்காரிக்கு உன்கூட எத்தன வருஷப் பழக்கம்? அவளே உன்ன நம்பல. நீ இங்க ராஜா மாதிரி வாயப் பொத்திக்கிட்டு உக்காந்திருக்க. அவ அங்க உனக்குப் பதிலாத் தரையில கெடக்குறா. ஆம்பளையாய்யா நீ?"

அவர்கள் அடிக்கவில்லை. அடித்திருந்தால் தாங்கியிருப்பான். காகிதத்தைக் காட்டினார்கள்; அதில் நீல அலைகள் மேலும் கீழும் ஓடின. கென்சாகு அந்த அலைகளையே பார்த்துக்கொண்டிருந்தான். அவளே நம்பவில்லை என்றால், இந்த வாயை யாருக்காகக் காக்க வேண்டும்? வெளியே போனால்தான் எந்த வீட்டுக்குப் போவது?

"அவள இனிமே யார் வாசலுக்கும் போக விடாதீங்க" என்றான். "நான்தான் பண்ணினேன்னு எழுதிக்கங்க."

"அப்படி வா! எதால கொளுத்தின?"

"தீக்குச்சியால."

"தீக்குச்சியா? எரிஞ்ச குச்சி ஒண்ணு கூட அங்க கெடக்கலையே. நல்லா யோசிச்சுப் பாரு."

"...லைட்டர்?"

"ம். அது இப்ப எங்க?"

"தெரியல."

"துறைமுகத்துல குடியிருக்க. என்ன பண்ணியிருப்ப?"

"கடல்ல எறிஞ்சேன்."

"சபாஷ்! எத வச்சுக் கொளுத்தின, பழைய பேப்பரா? உள்ள பேப்பர் இருந்த மாதிரி தெரியலையே."

"அட்டைப்பெட்டி."

இப்படியாக, வாழ்நாளில் புகைத்தறியாத ஒருவன், வாங்காத லைட்டரைக் கடலில் எறிந்தான். இளைய அதிகாரி தட்டச்சு செய்தார். நுமாத்தா உரக்கப் படித்தார்: "நான் இகராஷி ஐயாவின் மீது கொண்ட வன்மத்தால்..." அந்த 'நான்' எவருடையது? கென்சாகுவினுடையது அன்று. அரசாங்கம் தன் குரலில் பேசி, ஓர் ஏழையின் விரலை அதில் ஒட்டிக்கொண்டது. இடக்கைச் சுட்டுவிரலை மையில் ஒற்றி, ஒவ்வொரு பக்கத்திலும் அவன் பதித்தான். நுமாத்தா தாமே விரலைத் துடைத்துவிட்டார். மிக மென்மையாகத் துடைத்தார்.

தொகுரா வந்தபோது அவளிடம் மிசாவோ சொல்லியனுப்பிய செய்தி இருந்தது.

"தெருவுக்கு ஆன தொந்தரவுக்குத்தான் மன்னிப்புக் கேட்டேன்னு சொல்லச் சொன்னாங்க. 'நீங்க பண்ணலன்னு எனக்குத் தெரியும், உறுதியா இருங்க'ன்னு..." கண்ணாடிக்கு அப்பால் அவன் முகத்தைப் பார்த்ததும் அவள் பேச்சு நின்றது. "விரல் வச்சுட்டீங்களா?"

அவன் இடக்கையைத் தூக்கிக் காட்டினான். நகத்தின் ஓரத்தில் சிறிது மை எஞ்சியிருந்தது.

நீதிமன்றத்தில் வாக்குமூலத்தை மறுக்கப் போவதாக அவன் அறிவித்தான். பலன் உடனே கிட்டியது: பிணை இல்லை. குற்றத்தை மறுப்பவன் சாட்சியங்களை அழித்துவிடக் கூடும் என்றார்கள். சாம்பலாகிவிட்ட கொட்டகையில் எந்தச் சாட்சியத்தை அவன் அழிப்பான்? ஒப்புக்கொண்டால் வீடு, மறுத்தால் சிறை. உண்மைக்கு எங்கள் நாட்டில் வைத்திருக்கும் வாடகை அது. பனிக்காலம் முழுவதையும் அவன் சிறையில் கழித்தான்.

நடந்ததைத் தொகுரா விளக்கியபோது மிசாவோ அழவில்லை. காலணியை மாட்டிக்கொண்டு நேரே இகராஷியின் வாசலுக்கு நடந்தாள். இம்முறை மண்டியிடவில்லை.

"தலைவரே, அன்னைக்கு நான் குனிஞ்சேன்ல, அதத் திரும்ப வாங்கிக்கிறேன்."

இகராஷிக்கு விளங்கவில்லை. "எத வாங்கிக்கிற?"

"குனிஞ்சத. என் வீட்டுக்காரரு உங்க கொட்டகையத் தொடல. நான் மன்னிப்புக் கேட்டது தப்பு. அதுனால திரும்ப வாங்கிக்கிறேன். இனிப்புப் பெட்டியையும் குடுத்துடுங்க."

"இனிப்பா?" அவர் உள்ளே திரும்பி மனைவியிடம் கேட்டார். "ஏம்மா, அந்த யோகான் இருக்கா?"

"அது அப்பவே தின்னாச்சே!" உள்ளிருந்து குரல் வந்தது. "நல்லா இருந்துச்சுன்னு சொல்லுங்க!"

இகராஷி கைகளை விரித்தார். "தின்னது தின்னதுதான். குனிஞ்சதும் அப்படித்தாம்மா. யாராவது மன்னிப்பத் திரும்பக் கேப்பாங்களா? தெருவுல கேட்டா சிரிப்பாங்க."

தெரு சிரிக்கவில்லை. அதனினும் கொடிதாக, கேட்டும் கேளாததுபோல் இருந்தது.

வசந்தத்தில் வழக்கு வந்தது. கூண்டில் நின்ற மிசாவோவிடம் அரசு வழக்கறிஞர் பரிவுடன் கேட்டார்.

"இகராஷி வீட்டுக்குப் போனது உண்மையாம்மா?"

"உண்மை. தெருவுக்குத் தொந்தரவு ஆச்சேன்னு..."

"கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லுங்க. நெத்தி தரையில பட்டுச்சா?"

"பட்டுச்சு."

"அவ்வளவுதான். போதும்."

மூன்று நீதிபதிகள் தீர்ப்பை வாசித்தார்கள். வாக்குமூலம் விரிவானது, இயல்பானது. செய்தவனன்றி வேறெவரும் சொல்லியிருக்க முடியாதது. கேளுங்கள்: லைட்டரைக் கடலில் எறிந்த நுட்பம்கூட அதில் இருக்கிறதாம்! குற்றம் உறுதியாயிற்று. ஆயினும் மனைவி உடனடியாகச் சென்று உளமார வருந்தியமையைக் கருணையுடன் கருதி, தண்டனை நிறுத்திவைக்கப்பட்டது. அவன் வீட்டுக்குப் போகலாம். குற்றவாளியாகப் போகலாம். முதியோரை ஏற்றிச் சென்ற அந்த வண்டியில் வேறொருவன் ஏற்கெனவே அமர்ந்துவிட்டான்.

நீதிபதிகள் எழுந்தனர். மன்றம் முழுவதும் எழுந்தது; முறைப்படி எல்லாரும் தலை குனிந்தார்கள். அரசு வழக்கறிஞர் குனிந்தார், தொகுரா குனிந்தாள், பார்வையாளர் வரிசையில் இகராஷி ஆழமாகக் குனிந்தார். கென்சாகுவின் முதுகும் பழக்கத்தால் வளையத் தொடங்கியது. வளையும்போதே பக்கவாட்டில் பார்த்தான்.

மிசாவோ நிமிர்ந்து நின்றாள். கைகள் இரண்டும் பக்கத்தில் தொங்க, கண்கள் நேரே மேடையை நோக்க, அந்த மன்றத்தில் அவள் ஒருத்தி மட்டும் நிமிர்ந்து நின்றாள்.

"என்ன பொம்பள இவ!" என்று இகராஷி பின்னால் முணுமுணுத்தார்.

கென்சாகுவின் முதுகு பாதி வளைவில் நின்றது. அவன் அதற்கு மேல் குனியவும் இல்லை. நிமிரவும் அவனால் இயலவில்லை.

மேடைக்குப் பின்னால் கதவு சாத்திக்கொண்டது. நீதிபதிகள் எப்போதோ முதுகைக் காட்டித் திரும்பிவிட்டிருந்தார்கள். அவள் குனியாததை அவர்களில் ஒருவரும் பார்க்கவில்லை.