ஆகஸ்ட் மாதத்துப் பொய்

அமெரிக்கக் கால்பந்துப் போட்டியின் கடைசிக் கால்பகுதி ஆட்டத்தில் கெண்ட்ரல் பாடிஸ்டின் தலை எதிராளியின் முழங்காலில் போய் மோதியது. விழுந்த வேகத்திலேயே எழுந்துவிட்டான். எழாமல் கிடந்தால் அவன் கெண்ட்ரலே இல்லை! நான்கு வருடமாக அந்த லூசியானாக் கல்லூரியின் தடுப்பு வரிசைக்கு நடுவே நின்று, பந்தோடு வந்தவனையெல்லாம் பாயாகச் சுருட்டிப் போட்டவன். இது உள்ளூரில் அவனுக்குக் கடைசி ஆட்டம். மேலே கண்ணாடி அறையில், தேசிய லீகின் தொழில்முறை அணிகளுக்கு ஆள் பொறுக்க வந்தவர்கள் அவனுக்காகவே உட்கார்ந்திருந்தார்கள்.

கைதட்டல் காதைப் பிளந்தது. அவனுக்குப் பின்னால் கடைசிக் காவலாக நின்ற மார்செல் மட்டும் அவனையே உற்றுப் பார்த்தான். இருவரும் ஒரே அறைவாசிகள். பயிற்சியாளர் கோட்டோரத்திலிருந்து சைகை காட்டுவார். கெண்ட்ரல் அதைப் புரிந்துகொண்டு மற்றவர்களுக்குக் கத்த வேண்டும். இப்போது அவர் காதைத் தொட்டார், தோளைத் தட்டினார், மறுபடியும் காதைத் தொட்டார். கெண்ட்ரல் வேடிக்கை பார்க்கிறவன்போல அவரையே பார்த்துக்கொண்டு நின்றான். வேறு வழியின்றி மார்செலே உத்தரவைக் கத்தினான். எதிரணி முன்னேற முடியாமல் பந்தை உதைத்து இவர்களிடம் கொடுத்துவிட்டது; தடுப்பு ஆட்களுக்கு வெளியே கொஞ்சம் ஓய்வு. அரங்கில் யாருக்கும் ஒன்றும் தெரியவில்லை.

அணியின் காயங்களைக் கவனிக்கும் கிட்ரி அம்மாளுக்கு மட்டும் சந்தேகம் வந்துவிட்டது. கெண்ட்ரல் வெளியே வந்ததும் முதல் வேலையாக அவன் ஹெல்மெட்டைப் பிடுங்கிக்கொண்டார். அது கையில் இருந்தால் பையன்கள் கண் இமைப்பதற்குள் களத்துக்குள் ஓடிவிடுவார்கள். களத்தோரத்து நீல மருத்துவக் கூடாரத்துக்குள் அவனை உட்கார வைத்து ஐந்து வார்த்தைகள் சொன்னார். திருப்பிச் சொல்லச் சொன்னபோது அவனுக்கு இரண்டுதான் வந்தது.

"ஆகஸ்ட்லயும் ரெண்டுதான் சொல்லியிருக்க" என்று கையிலிருந்த டேப்லெட்டைப் பார்த்தார் கிட்ரி. "உன் மண்டை எப்பவுமே இப்படித்தானா கண்ணு?"

"எங்கம்மாவைக் கேளுங்க மேடம். கடைக்கு அனுப்புனா பாதியை மறந்துட்டு வருவேன்."

அவர் சிரித்துவிட்டார். பேச்சில் குழறலில்லை, நடையில் தள்ளாட்டமில்லை. ஹெல்மெட் அவன் கைக்குத் திரும்பி வந்தது.

கூடார வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்த மார்செலுக்கு உண்மை தெரியும். பருவம் தொடங்கும் ஆகஸ்டில், பின்னால் தலையில் அடிபட்டால் ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக, ஒவ்வொருவனின் ஞாபகத்தையும் அளந்து வைப்பார்கள். அந்தச் சோதனையில் வேண்டுமென்றே சொதப்புவது அந்த அணியில் பரம்பரை வழக்கம். நல்ல தலைக்கே குறைந்த மதிப்பெண் இருந்தால்தானே அடிபட்ட தலை அதற்கு ஈடாக நிற்கும்! சொந்தச் செலவில் சூனியம் வைத்துக்கொள்வது என்றால் இதுதான். மூன்று வருடத்துக்கு முந்தைய ஆட்டத்தைக்கூட அடி பிசகாமல் சொல்லக்கூடிய கெண்ட்ரல், அன்று தெரிந்த வார்த்தைகளை விழுங்கிவிட்டு வந்து விழுந்து விழுந்து சிரித்தான். மார்செலும்தான் சிரித்தான்.

பெஞ்சில் பக்கத்தில் வந்து உட்கார்ந்த கெண்ட்ரல் மெதுவாகக் கேட்டான்.

"மச்சான், அம்மா இன்னும் வரலையேடா? பூ குடுக்குற சடங்கு வேற இருக்கு. தவற விட்ருவாங்க போல."

மார்செலுக்குத் தூக்கிவாரிப்போட்டது. கடைசி வருடப் பையன்கள் அம்மாவுக்குப் பூக்கொடுக்கும் அந்தச் சடங்கில், ஆட்டத்துக்கு முன்னாலேயே தன் அம்மா ஒடெஸாவின் கையைக் கோத்துக்கொண்டு களத்தின் நடுவரை நடந்து, மஞ்சள் சாமந்திக் கொத்தைக் கொடுத்து, கன்னத்தில் முத்தமும் கொடுத்தவன் இவன்!

அதற்குள் பந்து கைமாறியது. "தடுப்பு வரிசை, உள்ளே!" என்று பயிற்சியாளர் அலறினார். கெண்ட்ரல் எழுந்தான். சொன்னால் இவன் பிழைப்பில் மண், மொத்த அணிக்கும் தலைகுனிவு. சொல்லாவிட்டால்? இன்னொரு முழங்கால். மார்செல் அவன் ஹெல்மெட்டை வெடுக்கென்று பிடுங்கிக்கொண்டு கிட்ரியிடம் ஓடினான்.

"மேடம், ஆகஸ்ட் டெஸ்ட் பொய்! அவன் மட்டுமில்ல, நாங்க எல்லாருமே பொய்யாத்தான் சொன்னோம். அவனுக்கு இப்போ ஒண்ணுமே ஞாபகமில்ல."

கிட்ரியின் முகம் வெளுத்தது. "ஹெல்மெட்டை உங்கிட்டயே வெச்சுக்கோ. யாருக்கும் குடுக்காத" என்றபடி டாக்டரைத் தேடி ஓடினார்.

கெண்ட்ரல் வந்து அவன் சட்டையைப் பிடித்தான். "துரோகி! ஒரே அறையில படுத்து எந்திரிச்சிட்டு, என் வாழ்க்கையிலயே கை வெக்கிறியாடா? குடுடா!"

"குடுக்க மாட்டேன். அடிக்கணும்னா அடிச்சுக்கோ."

அடித்தான். மார்செலின் உதடு கிழிந்தது. ஹெல்மெட்டை இரண்டு கையாலும் வயிற்றோடு இறுக்கிக்கொண்டு அவன் குனிந்து நின்றான். வேலியோரம் இருந்த ஒடெஸா இதைப் பார்த்துவிட்டு, தடுத்த காவலாளியையும் தள்ளிக்கொண்டு உள்ளே வந்துவிட்டாள்.

"என்னடா பண்ற மார்செல்? மேல அத்தனை பேர் பாத்துட்டிருக்காங்க! இந்த ஒரு நாளுக்காக நான் எத்தனை வருஷம் ரெண்டு வேலை பாத்திருக்கேன் தெரியுமா? எம்புள்ள வாயில மண்ணைப் போடாத, குடுத்துரு அவன்கிட்ட!"

குரல் கேட்டுத் திரும்பிய கெண்ட்ரலின் முகம் மலர்ந்தது.

"வந்துட்டியாம்மா! ஏன் இவ்ளோ லேட்டு?" அவள் கையைப் பார்த்தான். "இந்தப் பூ யார் குடுத்தா?"

ஒடெஸா சாமந்தியைப் பார்த்தாள். மகனின் கண்களைப் பார்த்தாள். பிறகு அவனுக்கும் மார்செலுக்கும் நடுவில் வந்து நின்றுகொண்டாள்.

"மார்செல்," என்றாள், திரும்பாமலே. "நானே கேட்டாலும் அதைக் குடுத்துறாத ராசா."