மட்டிக்குலை ஏலம்

வேதக்கோயிலுக்குள் பழவாசனை நிறைந்து கிடந்தது. அறுப்பின் பண்டிகை ஆராதனை முடிந்து காணிக்கைப் பொருட்களின் ஏலம் நடந்துகொண்டிருந்தது. பெண்கள் பக்கம் உட்கார்ந்திருந்த ரெஜிலாவுக்கு எல்லாமே தண்ணீருக்கு அடியிலிருந்து பார்ப்பதுபோல மெல்ல அசைந்தன. வண்ணக் கண்ணாடியின் நீல வெளிச்சத்தில் பூசணிக்காய்கூட மிதந்தது. தூக்கம் கெட்ட கண்களுக்கு உலகம் அப்படித்தான்.

பேரூராட்சித் தலைவியான அவள் குளத்து மண் ஏற்றிய லாரிகளைத் தடுத்ததிலிருந்து, துணைத் தலைவர் டெனிஷின் ஆட்கள் பைக்கில் பின்னாலேயே வந்தார்கள். வீட்டு ஜன்னலில் கல் விழுந்தது. காவலுக்கு வந்த போலீஸ்காரி பிரிஜா அவள் அறையில் படுத்தாள். கணவன் ஷிபின் சோபாவுக்குப் போனான்.

"ராஜினாமா எழுதிக் குடு ரெஜி. எனக்கு நீ உசிரோட வேணும்" என்று அவன் கெஞ்சாத நாளில்லை.

அவள் காணிக்கையை எவரும் ஏலம் கேட்கக்கூடாதென்று டெனிஷின் ஆட்கள் வீடுவீடாகச் சொல்லிவிட்டுப் போனது நேற்றுத் தெரிந்தது. அதில்தான் அவள் உடைந்தாள்.

"ஒருத்தராவது கேக்கட்டும். யாரும் கேக்கலன்னா எழுதிருகேன்" என்று ஷிபினிடம் வாக்குக் கொடுத்தாள்.

ஏலம் விட்டுக்கொண்டிருந்த கோயில்பிள்ளை ஞானதாசன் அவள் கொடுத்த வாழைக்குலையைத் தூக்கினார். "தலைவி வீட்டு மட்டிக்குலை! தேனாக்கும் மக்கா! கேளுங்க!"

மின்விசிறிச் சத்தம் மட்டும் கேட்டது.

"நான் டியூட்டில நிக்கேன். இல்லேன்னா கேட்டிருப்பேன்க்கா" என்று தூணருகே நின்ற பிரிஜா கிசுகிசுத்தாள்.

ரெஜிலா தலைகுனிந்தாள். முடிந்தது. இனி லாரியில்லை, பைக்கில்லை. ஷிபின் தோளில் சாய்ந்து தூங்கலாம். அந்தத் தூக்கம் இப்போதே கண்ணில் இறங்குவதுபோலிருந்தது. ஆனால் தலையை நிமிர்த்த முடியவில்லை.

"நூறு!"

ஆண்கள் பக்கம் ஷிபின் எழுந்து நின்றான்.

"ஏலே, அது ஒனக்க வீட்டுக் குலையில்லா?" என்றார் ஞானதாசன்.

"கோயிலுக்குக் குடுத்தாச்சு, இப்ப ஆண்டவருக்கது. இருநூறு!"

"நூறும் நீதானலே கேட்ட?"

"எனக்கு எதிரா நானே கேக்கேன். முந்நூறு!"

கோயில் குலுங்கிச் சிரித்தது. மரச்சீனிக் கிழங்கு விற்கும் தேவகனி எழுந்தாள். "அந்தப் பைத்தியத்துக்குக் குடுக்காதேயும். நானூறு!" அவளை முந்திக்கொண்டு இன்னொரு குரல், அதற்கும் மேலே வேறொன்று. ஆண்கள் பக்கமிருந்த டெனிஷ் எழுந்து செருப்பைத் தேடிக்கொண்டு வெளியே போனான்.

ஏலம் முடிந்து வெளியே வந்தபோது, வாசலில் ஆரல்வாய்மொழிக் கணவாய்க் காற்று ரெஜிலாவின் சேலையைப் பிடித்து இழுத்தது.

"நீங்க சும்மா இருந்திருந்தா நான் எழுதியிருப்பேன்லா?" என்று ஷிபினிடம் கேட்டாள்.

"தெரியும்."

"பிறகென்னத்துக்கு?"

"நீ தலகுனிஞ்சு இருந்தது எனக்குப் பாத்துப் பொறுக்க ஒக்கல்ல" என்றான். "பயம் போகல்ல கேட்டியா? சோபாவுல கெடந்து பயந்துக்கிடுகேன். நீ எழுதாண்டாம்."

அவள் சிரித்துக்கொண்டே அவன் கையைப் பிடித்தாள். பிரிஜா நாகரிகமாக முகத்தைச் சாலைப் பக்கம் திருப்பிக்கொண்டாள். எதிரே ஒரு பைக் வேகம் குறைந்து, அவர்களைப் பார்த்துவிட்டு நகர்ந்தது. ஷிபினின் விரல்கள் இறுகின. விடவில்லை.