தொப்பிகளுக்குப் போன நான்கு நிமிடம்

1.
ஒரு பெண்ணிடம் பொய் சொன்னேன். அதனால்தான் இந்தக் கதை. நாலாம் வகுப்போடு நின்றவன் நான். சியோலில் முப்பது வருடம் படச்சுருளை வெட்டி ஒட்டினேன். வாக்கியமும் எனக்கு அப்படித்தான் வரும்.

2.
முதல் தொடக்கம்: ‘அந்த இருண்ட காலத்தில் கலைஞர்கள்...’ [வேண்டாம். படித்தவர்கள் எழுதட்டும்.]

இரண்டாவது: ராணுவ ஆட்சியின்போது நூற்பாலை வேலைநிறுத்தம் பற்றி ஒரு படம். உண்மையான தொழிலாளிகளே நடித்த நான்கு நிமிடத்தைத் தணிக்கையில் நீக்கச் சொன்னார்கள். நீக்கினேன். முதலாளியும் தொழிலாளியும் கைகுலுக்கும் புது முடிவை ஒட்டியதும் நான்தான்.

3.
அந்தத் துண்டைத் தேடி என்னிடம் வந்தவள் ஓக்ரான். ஐம்பத்தைந்து வயதிருக்கும். அவள் அப்பா அந்த நான்கு நிமிடத்தில் நின்றவர். அந்த மாதமே அவரைப் போலீசார் பிடித்துக்கொண்டு போனார்கள், அவர் திரும்பவில்லை. வீட்டிலிருந்த புகைப்படங்களையும் வாரிக்கொண்டு போனார்களாம்.

“ஐயா, வெட்டின துண்டு எங்க?”

“என் விலாசம் யார் குடுத்தா?”

“நான் என்ன போலீசா? பேரிக்காய் கொண்டாந்திருக்கேன், பாருங்க.”

“போலீசும் பேரிக்காய் கொண்டு வரும்.”

சிரித்தாள். போகவில்லை.

“எரிச்சுட்டேன்மா” என்றேன்.

4.
[உண்மை: வெட்டிய சுருளைத் தொப்பி செய்து விற்பவர்கள் எடுத்துப் போவார்கள். வைக்கோல் தொப்பியைச் சுற்றி நாடாவுக்குப் பதில் அதைத்தான் கட்டுவார்கள். நானே தூக்கிக் கொடுத்தேன். அந்தக் கோடையில் தடைசெய்த காட்சி சந்தையிலும் வயலிலும் தலைதலையாக நடந்தது. இந்த வரி அழகாக இருக்கிறது; அதனாலேயே நம்ப மாட்டேன்.]

எரித்தேன் என்றால் பயந்துபோய்ச் செய்தான் என்று மன்னிப்பாள். பயமெல்லாம் இல்லை. அன்றைக்கு அது குப்பை.

5.
நேற்று தொலைபேசியில் உண்மையைச் சொன்னேன்.

“அந்த மாதிரித் தொப்பி எங்கிட்டயும் ஒண்ணு இருந்துச்சு ஐயா. நாடாவப் பிச்சுப் பிச்சு விளையாடுவேன்.”

பிறகு கேட்டாள்: “வெட்டறப்ப பாத்திருப்பீங்கல்ல? அப்பா முகம் எப்படி இருந்துச்சு?”

“நேர்ல வாம்மா, சொல்றேன்.”*

* நான் முகத்தைப் பார்த்ததே இல்லை. சுருளின் ஓரத்தில் அச்சடித்த எண்களைப் பார்ப்பேன், வெட்டுவேன்.

6.
மதியம் வருகிறாள்.

முடிவு ஒன்று: “உன்ன மாதிரியே சிரிச்சுக்கிட்டு நின்னாரும்மா.”

முடிவு இரண்டு: “பாக்கல.”

இரண்டையும் ஒட்டாமல் வைத்திருக்கிறேன். இவ்வளவு தூரம் படித்தீர்களே, ஒன்றை நீங்கள் வெட்டுங்கள். ஆனால் வெட்டியதை எங்கே போட்டீர்கள் என்று ஒருநாள் அவள் வந்து கேட்பாள். அப்போது என்னைக் கைகாட்டாதீர்கள்.