ஏற்கெனவே போய்விட்டவர்

பாஸ்போர்ட் எடுப்பது ஒன்றும் பெரிய வித்தை இல்லை. ஆன்லைனில் விண்ணப்பம் போட வேண்டும், பணம் கட்ட வேண்டும், அவர்கள் சொல்கிற நாளில் அசல் சான்றிதழ்களைத் தூக்கிக்கொண்டு போய் நிற்க வேண்டும். படம் பிடிப்பார்கள், ரேகை எடுப்பார்கள், போலீஸ்காரர் ஒருவர் வீட்டுக்கு வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போவார், பிறகு தபாலில் வந்து சேரும். பால்குடி மாறாத குழந்தைகளுக்கெல்லாம் எடுத்து வைத்திருக்கிறார்கள். நம் சலூன்காரருக்கு மட்டும் படம் பிடிக்கிற இடத்திலேயே வண்டி நின்றுவிட்டது.

சலூன்காரருக்கு வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது. அதுவரை பாஸ்போர்ட் என்கிற நினைப்பே அவருக்கு வந்தது கிடையாது. கடைக்கும் வீட்டுக்கும் நடுவே ஒரு தெரு, அதற்கு எதற்குப் பாஸ்போர்ட்? இப்போது தேவைப்பட்டது தம்பிக்காக. தம்பி என்றால் இரட்டைப் பிள்ளைகளில் பத்து நிமிஷம் பின்னால் வந்தவர். அந்தப் பத்து நிமிஷத்தை வைத்துக்கொண்டு சலூன்காரர் வாழ்நாள் முழுக்க அண்ணன் பதவியை அனுபவித்தார். "அந்தப் பத்து நிமிஷத்துல அப்படி என்னத்தடா சாதிச்சுக் கிழிச்சே?" என்று தம்பி கேட்காத நாள் இல்லை.

தம்பி இருபது வருஷமாக வெளிநாட்டில் லாரி ஓட்டுகிறார். கல்யாணம் கட்டவில்லை, ஊர்ப் பக்கம் எட்டிப் பார்க்கவும் இல்லை. வாராவாரம் போன் மட்டும் தவறாது. கொஞ்ச காலமாக அந்தப் போனிலும் கேமரா ரிப்பேர் என்று சொல்லி, குரல் மட்டும்தான் வந்துகொண்டிருந்தது. திடீரென்று ஒரு நாள், அவரோடு அறையில் தங்கியிருக்கிற இன்னொரு லாரிக்காரர் பேசினார். "அண்ணே, அவருக்கு வயித்துல கட்டி. வர்ற வாரம் ஆபரேஷன். உங்ககிட்ட சொல்லக்கூடாதுன்னு சத்தியம் வாங்கியிருக்காரு. ஆனா டாக்டர் பேசற தோரணையே சரியில்லைண்ணே. சொந்தக்காரங்க யாராச்சும் பக்கத்துல இருந்தா தேவலை."

சலூன்காரர் அந்தப் போனை வைத்தார். உடனே தம்பியைக் கூப்பிட்டார். "அட, பல்லு புடுங்கற மாதிரிடா. அதுக்குப் போய் ஒரு டிக்கெட்டா? வராதே, கடையைப் பாரு" என்றார் தம்பி. சலூன்காரர் கத்தரியை வைத்துவிட்டுக் கடையைச் சாத்தினார். நாற்காலியில் பாதிக் கிராப்போடு உட்கார்ந்திருந்த வாடிக்கையாளரை அதன் பிறகுதான் கவனித்தார். மறுபடி திறந்து மீதியை முடித்து அனுப்பிவிட்டு, அவசரப் பிரிவில் விண்ணப்பம் போட ஓடினார்.

பாஸ்போர்ட் அலுவலகத்தில் நாற்காலிகளைத் தரையோடு சேர்த்துத் திருகி வைத்திருந்தார்கள், யாரோ தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள் என்பது போல. குளிரோ எலும்பைத் துளைத்தது. மூன்றாம் கவுன்ட்டரில் இருந்த அம்மா கனத்த சால்வையைப் போர்த்திக்கொண்டு, விரல்நுனியை மட்டும் வெளியே நீட்டித் தட்டச்சு செய்துகொண்டிருந்தார். சான்றிதழ்கள் எல்லாம் சரி. வெள்ளைத் துணிக்கு முன்னால் உட்காரவைத்துப் படம் பிடித்தார். திரையைப் பார்த்தார். சலூன்காரரைப் பார்த்தார். மறுபடியும் திரையைப் பார்த்தார்.

"ஏங்க, நீங்க எப்ப திரும்பி வந்தீங்க?"

"எங்கேருந்துங்க?"

"வெளிநாட்டுலேருந்துதான்."

"நான் போகவே இல்லைங்களே. போறதுக்குத்தானே வந்திருக்கேன்!"

"இல்லைங்க, நீங்க ஏற்கெனவே போயிட்டீங்க. உங்க முகத்துக்கு ஒரு பாஸ்போர்ட் இருக்கு. நல்லா ஓடிக்கிட்டிருக்கு. வேற பேர்ல எடுத்திருக்கீங்க."

சலூன்காரருக்கு விஷயம் புரிந்ததும் சிரிப்பு வந்துவிட்டது. "ஐயோ, அது என் தம்பிங்க! இரட்டை! சின்ன வயசுல எங்கம்மாவே எனக்கு ரெண்டு தடவை சோறு போட்டு அவனைப் பட்டினி போட்டிருக்காங்க."

சால்வை அம்மா சிரிக்கவில்லை. "முகம் ஒண்ணு. பிறந்த தேதி ஒண்ணு. அப்பா ஒண்ணு, அம்மா ஒண்ணு. பேரு மட்டும் ரெண்டு. ஒரே ஆளு ரெண்டு பேரு வச்சிருந்தாலும் இதே மாதிரிதானேங்க இருக்கும்?"

"ரேகை வேற வேற இருக்குமே! எடுத்துப் பாருங்க."

"உங்க ரேகையை எடுக்கலாம். எதோட ஒப்பிடறது? அவரு வெளிநாட்டுல புதுப்பிச்சப்ப அங்க ரேகை மெஷின் ரிப்பேர். முகம் மட்டும்தான் இருக்கு. தொண்ணூத்தாறு சதவீதம் பொருந்துது. உங்க சொந்த அடையாள அட்டையோடயே நீங்க தொண்ணூறுதான் பொருந்துறீங்க."

அதாவது, சலூன்காரர் தன்னைவிடத் தம்பியாகத்தான் அதிகம் இருந்தார். பிறப்புச் சான்றிதழில் இரட்டை என்று எழுதக் கட்டம் இல்லாத காலத்தில் பிறந்த பாவத்துக்கு யார் என்ன செய்ய முடியும்? "நான் உங்க எதிர்ல உட்கார்ந்திருக்கேனேம்மா" என்றார். "எனக்குத் தெரியுதுங்க. சிஸ்டத்துக்குத் தெரியலையே" என்றார் சால்வை அம்மா. அந்த அம்மா கெட்டவர் இல்லை. ஆனால் நல்லவராக இருந்து என்ன பிரயோஜனம்?

வீட்டுக்கு வந்து சொன்னதும் மனைவி தலையில் கைவைத்துக்கொண்டார். பிறகு, "முகந்தானே பிரச்சினை? மாத்திடுங்க. ஊருக்கே மாத்தி விடறீங்க, உங்களுக்கு மாத்திக்க முடியாதா?" என்று ஒரு யோசனை சொன்னார். வாய் தவறிச் சொன்னதுதான். இந்த மனிதர் அதை அப்படியே பிடித்துக்கொள்வார் என்று அவருக்கு எப்படித் தெரியும்?

சலூன்காரர் கடைக்குப் போய்த் தன் நாற்காலியில் தானே உட்கார்ந்து மீசையை எடுத்தார். பதினேழு வயதிலிருந்து வளர்த்த மீசை. மறுநாள் கவுன்ட்டரில் தொண்ணூற்றேழு வந்தது. ஒன்று கூடிவிட்டது! வீட்டுக்கு வந்து தலையை மழித்தார். தொண்ணூற்றெட்டு. ஆத்திரத்தில் புருவத்தையும் எடுத்துவிட்டார். சமையலறையிலிருந்து வெளியே வந்த மனைவி போட்ட கூச்சலில் மாடிவீட்டுக்காரர்கள் இறங்கி ஓடிவந்தார்கள். "கண்ணாடி முன்னாடி நின்னுக்கிட்டு என்னங்க பண்றீங்க? உரிச்சுவிட்ட முட்டை மாதிரி ஆயிட்டீங்களே!" என்று அழுதார். மறுநாள் தொண்ணூற்றொன்பது.

"முடியெல்லாம் கொஞ்சம் மறைச்சுக்கிட்டு இருந்துச்சுங்க. மெஷின் எலும்பைத்தான் பார்க்கும். இப்பதான் தெளிவாத் தெரியுது" என்று சால்வை அம்மா விளக்கினார். பிறகு குரலைத் தாழ்த்தி, "தினமும் ஒரு வேஷத்துல வர்றீங்கன்னு மேல எழுதிட்டாங்க. உள்ள கூப்பிடறாங்க" என்றார்.

உள்ளே பெரிய அதிகாரி இருந்தார். மேஜையில் காகிதமே இல்லை. ஒரு திரை, ஒரு தண்ணீர் பாட்டில், அவ்வளவுதான். மரியாதையாக உட்காரச் சொன்னார்.

"ரெக்கார்டுபடி நீங்க இந்த நாட்டை விட்டுப் போயிட்டீங்க. திரும்பி வந்ததுக்கு முத்திரை இல்லை. எந்த வழியா வந்தீங்க?"

"ஏழாம் நம்பர் பஸ்லங்க, சார்."

"அதைக் கேக்கலை. முத்திரை இல்லாம உள்ள வந்திருக்கீங்க. சட்டப்படி உங்களைத் திருப்பி அனுப்பணும்."

சலூன்காரர் நிமிர்ந்து உட்கார்ந்தார். "எங்கங்க அனுப்புவீங்க?"

"எங்கேருந்து வந்தீங்களோ அங்கதான்." அதிகாரி தம்பி இருக்கிற நாட்டின் பெயரைச் சொன்னார்.

"ஐயா, நீங்க நல்லா இருப்பீங்க! அனுப்புங்க! இன்னைக்கே அனுப்புங்க! பையெல்லாம் தயாரா இருக்கு!" சலூன்காரர் எழுந்து நின்று கும்பிட்டார்.

அதிகாரி இப்படி ஒரு குற்றவாளியைப் பார்த்ததில்லை. கொஞ்ச நேரம் விசைப்பலகையைத் தட்டினார். முகம் தொங்கிப்போயிற்று. "முடியாதுங்க. திருப்பி அனுப்பணும்னா உங்களுக்குப் பாஸ்போர்ட் வேணும்."

"அதைத்தானே சார் நான் கேக்கறேன்!"

"உங்ககிட்டதான் ஏற்கெனவே ஒண்ணு இருக்கே. அதைக் கொண்டாங்க."

"அது என் தம்பிகிட்ட இருக்கு!"

"அப்ப உங்க பாஸ்போர்ட்டை இன்னொருத்தர்கிட்ட குடுத்திருக்கீங்களா? அது பெரிய தப்பாச்சே!"

சலூன்காரர் மொட்டைத் தலையில் பிய்த்துக்கொள்ள முடி தேடினார். கிடைக்கவில்லை. அப்படியே உட்கார்ந்து ஓவென்று அழுதுவிட்டார். "சார், நான் யாரா வேணா இருந்துட்டுப் போறேன். ஒப்புக்கறேன். நானே அவன்னு எழுதிக் குடுக்கறேன். அவன் அங்க தனியாக் கிடக்கறான். நாளன்னைக்கு வயித்தைக் கிழிக்கப் போறாங்க. கண் முழிச்சா ஒரு மூஞ்சி பக்கத்துல இருக்க வேணாமா? முழிக்கலைன்னா..."

அதிகாரி தண்ணீர் பாட்டிலை அவர் பக்கம் நகர்த்தினார். சால்வை அம்மாவைக் கூப்பிட்டார். இரண்டு பேரும் திரைக்குள் தலையை விட்டுக்கொண்டு விதிகளைத் துழாவினார்கள். கடைசியில் சால்வை அம்மாதான் கண்டுபிடித்தார். "சார், இங்க பாருங்க. இரட்டையர்னு சந்தேகம் வந்தா, ரெண்டு பேரும் ஒரே நேரத்துல அதிகாரி முன்னாடி முகம் காட்டணும். நேர்லயோ, வீடியோலயோ. மெஷின் ரெண்டு முகத்தையும் உயிரோட ஒப்பிடணும்."

"மெஷின்தான் ஒண்ணுன்னு சொல்லிடுமே" என்றார் சலூன்காரர்.

"சொல்லட்டுமே. ஒரே நேரத்துல ரெண்டு இடத்துல இருந்தா ரெண்டு ஆளுன்னு நானே எழுதிடலாம். கூப்பிடுங்க."

ஒரு வாரத்தில் சலூன்காரர் கேட்ட முதல் அறிவுள்ள பேச்சு அதுதான். போனை எடுத்தார். தம்பி பழையபடி ஆரம்பித்தார். "கேமரா ரிப்பேர்டா."

"டேய், இன்னைக்கு அந்தக் கதையெல்லாம் வேணாம். இங்க அதிகாரி உட்கார்ந்திருக்காரு. மூஞ்சியைக் காட்டலைன்னா என்னை ஜெயில்ல போட்டுருவாங்க. பக்கத்துல யார் போனாவது வாங்கு."

அந்தப் பக்கம் யாரிடமோ போன் கேட்கிற சத்தம் வந்தது. பிறகு, "பயந்துடாதே, என்ன?" என்றார் தம்பி. திரை ஒரு முறை கறுத்து, வெளிச்சமாயிற்று.

ஒரு தலையணை. அதில் ஒரு கிழவர். கன்னம் உள்ளே போய், கண் குழியில் கிடந்து, தோல் மஞ்சளாக எலும்பின் மேல் ஒட்டியிருந்தது. தலையில் முடி இல்லை, புருவமும் இல்லை. தப்பான எண்ணுக்குப் போய்விட்டது என்றுதான் சலூன்காரர் முதலில் நினைத்தார். தம்பி எங்கே என்று கேட்க வாயெடுத்தார். கிழவர் முந்திக்கொண்டார்.

"டேய், எனக்கு மருந்து குடுத்து முடி கொட்டிப் போச்சு. உன் மீசை எங்கடா?"

சலூன்காரர் போனைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோனார். தினமும் கடைக் கண்ணாடியில் தன் முகத்தைப் பார்க்கும்போதெல்லாம் தம்பியும் இப்படித்தான் இருப்பான் என்று நினைத்துக்கொண்டிருந்தார். அது இத்தனை நாளாகப் பொய்யாக இருந்திருக்கிறது. சால்வை அம்மா போனை மெதுவாக வாங்கி, மேஜைத் திரையின் மேலிருந்த கேமராவுக்கு முன்னால் நிறுத்தினார். இயந்திரம் அண்ணனைப் பார்த்தது, தம்பியைப் பார்த்தது. ஒரு சின்ன மணி அடித்தது.

அதிகாரி நிமிர்ந்தார். முகமெல்லாம் சந்தோஷம். "அடடே! முப்பத்திரண்டு சதவீதம்தான். ரெண்டு பேருக்கும் சம்பந்தமே இல்லைன்னு மெஷினே சொல்லிடுச்சு! உங்க விண்ணப்பம் பாஸ் ஆயிடுச்சுங்க. இப்பவே அச்சடிச்சுக் கையில குடுத்துடலாம்."

"இல்லைங்க" என்றார் சலூன்காரர்.

"என்ன இல்லை?"

"சரியாப் பாருங்க, சார். அது என் தம்பி. எங்களுக்கு ஒரே மூஞ்சி. எங்கம்மாவுக்கே அடையாளம் தெரியாது." "வெளிச்சம் பத்தலை போல. அவனைக் கொஞ்சம் நிமிர்ந்து உட்காரச் சொல்லுங்க. இன்னொரு தடவை போட்டுப் பாருங்க, சார். தொண்ணூத்தொன்பது வரும். கொஞ்சம் முன்னாடிதானே வந்துச்சு!"

"ஐயா, இது உங்களுக்கு நல்லதுதானே? ஏன் சண்டை போடறீங்க?" அதிகாரிக்கு ஒன்றும் புரியவில்லை. சால்வை அம்மாவுக்குப் புரிந்தது. அவர் சால்வை நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, ஒரு சின்னத் தொடுதிரைத் தகட்டையும் எழுதுகோலையும் சலூன்காரர் முன்னால் வைத்தார். அதில் ஒரு வரி ஒளிர்ந்தது: எங்கள் இருவருக்கும் முக ஒற்றுமை ஏதும் இல்லை என்று உறுதி கூறுகிறேன். கீழே கையெழுத்துக்கு இடம்.

"மாட்டேன்" என்றார் சலூன்காரர். "வேற ஏதாச்சும் எழுதுங்க. இதுல போட மாட்டேன்."

போனுக்குள் இருமல் கேட்டது. பிறகு தம்பியின் குரல், வாராவாரம் வருகிற அதே குரல்.

"போடுடா, அண்ணா."

"டேய்..."

"போட்டுட்டு சீக்கிரம் வா. எனக்குப் பயமா இருக்கு."

சலூன்காரர் எழுதுகோலை எடுத்தார். ஒற்றுமை ஏதும் இல்லை என்று கையெழுத்துப் போட்டார்.