பொன்னுதாஸ் போட்ட கோஷம்

வெள்ளறடைக்குப் பக்கத்தில், கல்லுடைக்கும் பாறைமடையில் அறுபது பேர் காலை ஏழு மணியிலிருந்து வெயிலில் நின்றுகொண்டிருந்தார்கள். ஆண்கள் கையில் கூடமும் உளியும். பெண்கள் தலையில் சும்மாடும் சல்லிக்கூடையும். எல்லாம் சொந்தச் சாமான்கள்தான். திருவிதாங்கூர்த் தமிழர்களின் எல்லைப் போராட்டத்தில் லாரி ஓடாமல் மடையை மூடி ஒரு மாதம் ஆகியிருந்தது. கல் உடைக்க வேண்டாம், உடைக்கிறவர்களாக நடித்தால் போதும், கூலி உண்டு என்றதும் எல்லோரும் வந்துவிட்டார்கள்.

டைரக்டர் சதாசிவன் பேண்டை முழங்கால்வரை சுருட்டிக்கொண்டு, வெளிச்சத்தைத் திருப்பும் தகரத் தட்டியைத் தானே தூக்கிப் பாறைமேல் ஏறினார். பாறசாலைக்காரர். மிஷன் பள்ளியில் கிறிஸ்துமஸ் நாடகம் போட ஆரம்பித்தவர். பிறகு நாடகக் கம்பெனியில் திரை இழுத்தார், சென்னையில் பிலிம் ஒட்டினார், புராணப் படத்தில் கருடனைக் கயிற்றில் பறக்கவிட்டார், சிரிப்புப் படத்துக்கு வசனம் எழுதினார். தமிழிலும் மலையாளத்திலுமாக ஆறு டைரக்டர்களிடம் வேலை பார்த்தாயிற்று. எதைக் கொடுத்தாலும் ஊதித் தள்ளிவிடுவார் என்று ஸ்டுடியோவில் பேச்சு. டைரக்டர் என்று அவர் பேர் வரப்போகிற முதல் படம் இது. மடைத் தொழிலாளிகள் திரண்டு முதலாளி வீட்டுக்குப் போகும் கடைசிக் காட்சி மட்டும்தான் பாக்கி. இன்றைக்கு முடியாவிட்டால் வேறு ஆளை வைத்து முடித்துக்கொள்வதாகப் படத்துக்குப் பணம் போட்டவர் சொல்லியிருந்தார்.

ஐந்து பேருக்கு மேல் கூடக் கூடாது என்று தடையுத்தரவு அமலில் இருந்தது. சதாசிவன் மூன்று நாள் அலைந்து, பேசிப் பேசியே அனுமதி வாங்கியிருந்தார். ஒரே நாள், மாலை ஐந்து மணி வரை. காவலுக்கு இரண்டு போலீஸ்காரர்கள்.

எல்லாம் சரியாக இருந்தது, ‘முதலாளி ஒழிக’ என்று கோஷம் போட வேண்டிய கூட்டம்தான் வாயைத் திறக்கவில்லை. நான்கு தடவை எடுத்தும் ஜெபக்கூட்டத்துக்குப் போகிறவர்கள் மாதிரியே நடந்தார்கள்.

“என்ன அண்ணாச்சி, கஞ்சி குடிக்கலியா?” என்று சதாசிவன் பொன்னுதாஸிடம் கேட்டார். வாட்டசாட்டமான உடம்பும் எடுப்பான முகமும் பார்த்து, முன்வரிசைக்கு அவரே தேடிப் பிடித்த ஆள்.

பொன்னுதாஸ் கண்ணை ஓரமாகக் காட்டினான். மடையின் கணக்கப்பிள்ளை வேலாயுதன் குடை பிடித்துக்கொண்டு வேடிக்கை பார்த்து நின்றார்.

“மொதலாளி ஒழியணும்னு அவருக்க முன்ன வச்சு எப்பிடி சார் விளிக்க? நாளைக்கு மடையத் தொறந்தா அவருல்லா வேல தரணும்.”

“விளிச்சாலும் விளிக்காட்டாலும் சட்டுனு ஒண்ணு சொல்லுங்க” என்றாள் பின்னால் நின்ற அவன் மனைவி சுகிர்தபாய். “கூடைக்க அடியில தலை வேவுது.”

சதாசிவன் சிரித்துவிட்டார். “இது ஊமைக் கேமரா அண்ணாச்சி. இங்க சத்தம் பதியாது. பொறவு ஸ்டுடியோவில வேற ஆள வச்சுப் பேசிச் சேப்போம். எனக்கு வாயும் கண்ணும் அசைஞ்சா மதி. நெஞ்சுக்குள்ள என்ன கெடக்கோ, அத விளியுங்க.”

“என்னதுன்னாலும் விளிக்கலாமா?”

“என்னதுன்னாலும்.”

பொன்னுதாஸ் கூடத்தைத் தோளில் ஏற்றினான். திரும்பிப் பார்த்து, “எலே மக்கா, கேட்டியளா?” என்றான். கேமரா ஓடியது.

“சேர்த்திடு, சேர்த்திடு! தமிழ்நாட்டோடு சேர்த்திடு!”

அறுபது தொண்டையும் ஒன்றாகத் திறந்தன. பாறை அதைத் திருப்பித் தந்தது. கூடையோடு பெண்கள் ஓடிவந்தார்கள். பொன்னுதாஸின் கழுத்து நரம்பு புடைத்தது. சதாசிவனுக்கு உடம்பு சிலிர்த்தது. பதினைந்து வருஷத்தில் இப்படி ஒரு ஷாட் அவர் பார்த்ததில்லை.

“கட்! ஒண்ணாந்தரம்!” என்று குதித்தார். அவர் திரும்பிப் பார்த்தபோது ஒரு போலீஸ்காரர் ஸ்டேஷன் பக்கமாகச் சைக்கிளை உருட்டிக்கொண்டு இறங்கிக்கொண்டிருந்தார். சதாசிவன் மற்றப் போலீஸ்காரரின் தோளில் கையைப் போட்டார்.

“எல்லாம் அபிநயமாக்கும் சாரே. படத்தில ஒரு சத்தமும் வராது.”

“படத்தில் வரேண்டா சாரே. எனிக்கு செவியுண்டல்லோ” என்று அவர் தன் காதைத் தொட்டுக் காட்டினார்.

நாலரை மணிக்கு வேன் வந்தது. இன்ஸ்பெக்டர் முன்வரிசையில் நின்ற ஐந்து பேரை மட்டும் ஏற்றச் சொன்னார்.

“விளிக்கான் பறஞ்ஞது ஞானாணு. என்னெ கொண்டுபோ” என்று பழியைத் தன்மேல் போட்டுக்கொண்டு சதாசிவன் வேனை மறித்தார்.

இன்ஸ்பெக்டர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். “சாரினு அஞ்சு மணி வரெ பெர்மிஷன் உண்டு. படம் எடுத்தோளூ.”

வேன் இறங்கிப் போனது. சுகிர்தபாய் கொஞ்ச தூரம் பின்னால் ஓடிவிட்டுத் திரும்பினாள். அனுமதி இன்னும் அரை மணி நேரம் இருந்தது. சதாசிவன் அழுதுகொண்டே பின்வரிசை ஆட்களை முன்னால் நிறுத்தி, மிச்ச ஷாட்டை எடுத்தார்.

கோர்ட்டுக்கும் போய், தான் சொல்லித்தான் விளித்தார்கள் என்று கூண்டில் ஏறிச் சொன்னார். அதை எழுதிக்கொண்டார்கள். ஐந்து பேருக்கும் ஆறு மாதம் கிடைத்தது.

நான்காம் மாதம் படம் நெய்யாற்றின்கரைக்கு வந்தது. சதாசிவனுக்கு அதற்குள் ஒரு சிரிப்புப் படமும் ஒரு புராணப் படமும் கைக்கு வந்திருந்தன. சுகிர்தபாய்க்கு ஆள் மூலம் பாஸ் கொடுத்தனுப்பினார். சினிமா பார்ப்பது பாவம் என்று வளர்ந்தவள் அவள். ஜெயிலில் இருந்த பொன்னுதாஸின் முகத்தைப் பார்த்து இரண்டு மாதம் ஆகியிருந்தது. அந்த ஏக்கத்தில் பக்கத்து வீட்டுக் கிருஷ்ணம்மாவைக் கூட்டிக்கொண்டு போனாள்.

கடைசிக் காட்சியில் பொன்னுதாஸின் முகம் திரை முழுக்க வந்தது. கழுத்து நரம்பு, நெற்றி வேர்வை, முன்பல்லில் இருந்த சின்ன உடைசல்கூடத் தெரிந்தது. சுகிர்தபாயின் உதடு அவன் உதட்டோடு அசைந்தது. சேர்த்திடு, சேர்த்திடு.

“முதலாளி ஒழிக! முதலாளி ஒழிக!” என்று கணீரென்று ஒரு குரல் கொட்டகையை நிறைத்தது. ஜனங்கள் எழுந்து நின்று விசில் அடித்தார்கள்.

கிருஷ்ணம்மா அவள் தொடையைத் தட்டினாள். “ஏ பிள்ள, உனக்க மாப்பிளைக்கு என்னா சத்தம்!”

“அது அவியளுக்க சத்தமில்ல அக்கா” என்றாள் சுகிர்தபாய். கைதட்டலில் அது கிருஷ்ணம்மாவுக்கே கேட்கவில்லை.