முள்ளுப்பூ விழா

முள்ளுப்பூவுக்கு விழா எடுக்கலாம் என்று டுவைட் லோஃப்கிரென் சொன்னபோது, ஐனெஸ் பெட்டன்கோர்ட் சிரித்த சிரிப்பில் காபி மூக்கில் ஏறிவிட்டது. டுவைட் கடலோர மோட்டலின் முதலாளி. அந்தப் பூ இந்தக் கடற்கரை மேட்டைத் தவிர வேறெங்கும் முளைப்பதில்லை என்று அப்போதுதான் கேள்விப்பட்டிருந்தார். ஐனெஸ் கல்லூரியில் தாவரவியல் நடத்தி ஓய்வு பெற்றவள்.

"அதை நேர்ல பாத்திருக்கீங்களா டுவைட்?"

"போட்டோல பாத்தேன். சும்மா தகதகன்னு இருந்துச்சு."

"நகத்தளவுதான் இருக்கும். காலுறையில குத்தினாத்தான் மிதிச்சதே தெரியும்."

"அதனால என்ன? போர்டுல பெருசா வரைஞ்சுக்கலாம்."

வரைந்தார்கள், சூரியகாந்தி அளவுக்கு. டுவைட்டின் மருமகளே பூ ராணியாக முடிசூட்டிக்கொண்டாள். நண்டு சாண்ட்விச்சும் ரோஸ் நிற பீரும் விற்றார்கள். சான் பிரான்சிஸ்கோவிலிருந்து கோடை வெயிலை நம்பி அரைக்கால் சட்டையோடு வந்தவர்கள் ஜூன் மாதப் பனிமூட்டத்தில் வெடவெடத்தபடி, பூ எங்கே என்று கேட்டார்கள். ஒருவருக்கும் தெரியவில்லை. ஐனெஸுக்குத் தெரிந்தது. வந்த கார்கள் அத்தனையும் அதன் மேல்தான் நின்றன.

விறுவிறுவென்று மேடையேறி மைக்கைப் பிடுங்கினாள். "பூவைப் பாக்கணுமா? போய் உங்க டயரைப் பாருங்க!"

கூட்டம் கைதட்டியது. "எங்க புரொஃபசரம்மா தமாஷ் பேர்வழி!" என்றார் டுவைட்.

அன்றிலிருந்து ஐனெஸ் அவரோடு பேசவில்லை. கடையில் எதிர்ப்பட்டால், அலமாரியில் இருக்கும் வேண்டாத சோளப்பொரிப் பாக்கெட்டைப் பார்ப்பதுபோல் பார்த்துவிட்டு நகர்ந்தாள்.

அடுத்த வசந்தத்தில், இழவு வீட்டுக்குப் போகிறவளைப்போல் மேட்டுக்குப் போனாள். டயர் கிழித்த தடமெங்கும் முள்ளுப்பூ அப்பிக் கிடந்தது. அதை அமுக்கிக்கொண்டிருந்த புல் செத்து, மணல் வெளியே வந்திருந்தது. கார் ஏறாமல் தப்பி, பிறகு அவளே கயிறு கட்டிக் காத்த மூலையில் முழங்கால் உயரப் புல்லைத் தவிர ஒன்றுமில்லை.

"நீயும் அவன் கட்சிதானா?" என்று பூவைத் திட்டினாள்.

சேதி தெரிந்து டுவைட் வந்து நின்றார். "பாத்தீங்களா? யோசிச்சு யோசிச்சு பார்க்கிங் போட்டோம்!"

"கக்கூஸ் பக்கத்துல இருக்கட்டும்னுதானே போட்டீங்க?"

"எதுக்குப் போட்டா என்ன? பூ வந்துச்சுல்ல?"

ஐனெஸ் குனிந்து டயர் தடத்து மணலைக் கிளறிப் பார்த்தாள். பிறகு சொன்னாள்: "விழாவை அக்டோபருக்குத் தள்ளுங்க. அப்போ விதை கொட்டியிருக்கும். கார் ஏறினா புல்லுதான் சாகும், நல்லதுதான்."

"அக்டோபர்ல பூ இருக்குமா?"

"ஒண்ணுகூட இருக்காது."

டுவைட் யோசித்தார். "இங்க அக்டோபர்லதான் பனிமூட்டம் விலகி வெயில் அடிக்கும்ல? போதும்."

பூவே இல்லாத பூவிழாவுக்குப் போன தடவையைவிடப் பெருங்கூட்டம் வந்தது. பார்க்கிங்கை ஐனெஸே ஏற்றுக்கொண்டாள். ஆரஞ்சுச் சட்டையும் விசிலுமாக மேட்டில் நின்று, பளபளவென்று வந்த ஒவ்வொரு காரையும் புல் அடர்ந்த பக்கமாகவே விரட்டினாள்.

"இன்னும் பின்னால போங்க சார்! கூச்சப்படாம நல்லா ஏத்துங்க!"